சீசன்: பருவம் அல்ல, ஆட்டக்காலம்

"அயோவா பல்கலைக்கழக மாணவி கெய்ட்லின் கிளார்க் தன் இறுதிப் பருவத்தில் 1,234 மதிப்பெண்கள் பெற்றுச் சாதனை!" இந்த அச்சில் வார்த்த வாக்கியத்தை எத்தனை தடவைதான் சகித்துக்கொள்வது? தமிழ்நாட்டில் கல்லூரிக்குப் போன யாரிடம் வேண்டுமானாலும் இதைக் காட்டுங்கள். செமஸ்டர் தேர்வில் யாரோ ஒரு பெண் பிளந்துகட்டியிருக்கிறாள் என்றுதான் நினைப்பார்கள். பல்கலைக்கழகம் இருக்கிறது, மாணவி இருக்கிறார், பருவம் என்றால் செமஸ்டர், மதிப்பெண் என்றால் மார்க். கூடைப்பந்து எங்கே? ஊர் பேரையும் ஆள் பேரையும் தள்ளிவிட்டால் மிச்சமெல்லாம் நல்ல தமிழ்ச்சொல்தான். சேர்த்துப் படித்தால் பொய்.

நடந்தது இதுதான். 2023 நவம்பரில் தொடங்கி 2024 ஏப்ரலில் முடிந்த அமெரிக்கக் கல்லூரி சீசனில் கிளார்க் 39 ஆட்டங்கள் ஆடி 1,234 புள்ளிகள் எடுத்தார். ஆட்டத்துக்குச் சராசரி 31.6. கல்லூரிப் பெண்கள் கூடைப்பந்தின் முதல் பிரிவில், அதாவது பெரிய கல்லூரிகள் ஆடும் மேல்மட்டத்தில், அதற்கு முன் யாரும் ஒரே சீசனில் அவ்வளவு எடுத்ததில்லை.

மதிப்பெண்ணை முதலில் முடித்து அனுப்பிவிடுகிறேன். ஒருவர் மதித்துப் போடும் எண் மதிப்பெண். விடைத்தாள் திருத்துகிறவர் போடுவது. ஜிம்னாஸ்டிக்கில், டைவிங்கில் நடுவர்கள் போடுவது. கூடைப்பந்தில் யாரும் எதையும் மதிப்பிடுவதில்லை. பந்து வளையத்துக்குள் விழுந்ததா, போட்டவர் மூன்று புள்ளிக் கோட்டுக்கு உள்ளே நின்றாரா வெளியே நின்றாரா, இவ்வளவுதான் கேள்வி. உள்ளேயிருந்து போட்டால் இரண்டு, வெளியேயிருந்து மூன்று, எதிரணியின் தவறுக்காகக் கிடைக்கும் ஃப்ரீ த்ரோவுக்கு ஒன்று. அழகாகப் போட்டதற்கு அரைப் புள்ளிகூடக் கிடையாது. ஆங்கிலத்தின் 'பாயிண்ட்' லத்தீனில் குத்திய தடத்தைக் குறித்த சொல்லிலிருந்து வந்தது. நம் புள்ளியும் அந்தத் தடம்தான். தொல்காப்பியர் காலத்திலேயே மெய்யெழுத்தின் தலையில் உட்கார்ந்துவிட்ட சொல் அது. கபடிச் செய்தியில் ஒழுங்காகப் 'புள்ளி' என்று எழுதுகிறவர்களுக்கு, அமெரிக்கச் செய்தி என்றதும் ஏன் மதிப்பெண் தேவைப்படுகிறது என்று தெரியவில்லை.

இனி சீசன். பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்த சொல். வேர் லத்தீனின் 'சதியோ', பொருள் விதைப்பு. விதைக்கும் நேரம் என்பது எதற்கும் உகந்த நேரம் ஆகி, ஆண்டின் ஒரு பகுதி ஆகி, கடைசியில் ஒரு விளையாட்டு நடக்கும் மாதங்களையும் குறிக்கத் தொடங்கியது. தொலைக்காட்சித் தொடரின் தவணை வரைக்கும் இப்போது நீண்டுவிட்டது. வரலாறு இவ்வளவுதான். தகராறெல்லாம் தமிழுக்கு வந்த பிறகு.

பருவக் கட்சிக்காரர்களின் வலுவான வாதத்தை நானே சொல்லிவிடுகிறேன். சீசனின் வேர் விதைப்பு என்றால், நமக்கும் 'பருவத்தே பயிர் செய்' என்று இருக்கிறதே, இதைவிட நேரான சொல் வேறென்ன வேண்டும் என்பார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தத் தொடரில் பருவம் என்பது தக்க சமயம். மண்ணும் மழையும் கூடி வருகிற சமயம். அதை யாரும் அட்டவணை போட்டுத் திறப்பதில்லை, மூடுவதுமில்லை. பருவம் தானாக வரும், கனியும், தவறினால் தவறியதுதான். விளையாட்டு சீசனோ குழு கூடி முடிவு செய்வது. முதல் ஆட்டம் இன்ன தேதி, கடைசி ஆட்டம் இன்ன தேதி, நடுவில் இத்தனை ஆட்டம். 2024-இல் அமெரிக்கப் பெண்கள் தொழில்முறை லீக்கான டபிள்யூ.என்.பி.ஏ., பாரிஸ் ஒலிம்பிக்கிற்காக சீசனை ஏறக்குறைய நான்கு வாரம் நிறுத்திவைத்துவிட்டு ஆகஸ்ட் நடுவில் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது. நிறுத்தி வைத்து மறுபடி ஆரம்பிக்க முடிகிற பருவம் எந்த ஊரில் இருக்கிறது?

இன்னொரு சங்கடம் பெரியது. பெண்ணின் பெயருக்குப் பக்கத்தில் பருவத்தை வைத்தால் தமிழ்க்காது என்ன கேட்கும்? பருவமடைந்தாள், பருவமங்கை, பருவ வயது. இதற்கு எழுதுகிறவரின் நோக்கம் காரணமல்ல; அந்தச் சொல் அத்தனை காலம் அந்த வேலையைத்தான் பார்த்துவந்திருக்கிறது. பேதை, பெதும்பை, மங்கை, மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண் என்று பெண்ணுக்கு ஏழு பருவம் வகுத்த மொழி இது. இதில் போய் "கிளார்க்கின் நான்காம் பருவம்" என்று எழுதினால், இலக்கணம் படித்தவன் விரல் விட்டு எண்ணி மடந்தை என்பான். 22 வயதுக்காரரை அரிவையில் சேர்க்க வேண்டும் என்று பக்கத்தில் இருப்பவன் சண்டைக்கு வருவான். ஆண் ஆட்டக்காரர்களைப் பற்றி எழுதும்போது இந்தச் சிக்கல் அவ்வளவாகத் தெரியாது. அதனாலேயே இந்தச் சொல் கேள்வி கேட்பாரில்லாமல் உள்ளே வந்துவிட்டதோ என்று ஒரு சந்தேகம்.

பிள்ளைத்தமிழில் அம்மானைப் பருவம் இருக்கிறதே, அது பந்தாட்டம் மாதிரிதானே என்று ஒரு தமிழாசிரியர் என்னை மடக்கப் பார்த்தார். ரசித்தேன். ஆனால் அங்கேயும் பருவம் குழந்தை வளரும் கட்டத்தைத்தான் சொல்கிறது. அம்மானை ஆடுகிற வயது. அம்மானைப் போட்டிகள் நடக்கும் மாதங்கள் இல்லை. பருவம் என்பதற்கு 'பர்வன்', அதாவது கணு, என்ற வடசொல்லை வேராகக் காட்டுவார்கள் ஒரு சாரார். 'பரு' என்ற தமிழ் அடியே போதும் என்பார்கள் மறுசாரார். எந்தப் பக்கம் போனாலும் வளர்ச்சியில் விழும் முடிச்சுதான் பொருள். கரும்புக்குச் சரி. லீக்குக்குச் சரியில்லை.

செமஸ்டர் விவகாரம் தனி. பல்கலைக்கழகங்கள் பருவத்தேர்வு என்று நீண்டகாலமாக எழுதிவருகின்றன. 2012-இல் தமிழ்நாட்டுப் பள்ளிகளுக்கு முப்பருவ முறை வந்தபோது 'முதல் பருவம்' என்று அட்டையில் அச்சிட்ட பாடநூல் குழந்தைகளின் பைக்குள்ளேயே ஏறிவிட்டது. கல்விக்கூடத்துக்குள் பருவம் பட்டா வாங்கிக் குடியிருக்கிறது. கல்லூரி விளையாட்டுக்கு அதே சொல்லைக் கொண்டுவந்தால் எந்தப் பருவம் என்று ஒவ்வொரு தடவையும் விளக்க வேண்டும்.

சரி, தொடர்? ஐ.பி.எல். தொடர் என்று எல்லோரும் எழுதுகிறார்கள், அங்கே பெரிதாக எதுவும் கெடவில்லை. இங்கே கெடும். கிளார்க்கின் 1,234 புள்ளிகளில் 180 மட்டும் மார்ச், ஏப்ரலில் நடந்த தேசிய நாக்-அவுட் போட்டியின் ஆறு ஆட்டங்களில் வந்தவை. தமிழ் வாசகனுக்குத் தொடர் என்றால் அந்த நாக்-அவுட்தான். "இந்தத் தொடரில் 1,234" என்று எழுதினால், ஆறு ஆட்டத்தில் ஆயிரத்தைத் தாண்டினாரா என்று கேட்பான். கேட்க வேண்டும்.

ஆண்டு இன்னும் மோசம். 2024 என்ற ஒரே காலண்டருக்குள் கிளார்க் இரண்டு சீசன் ஆடினார். ஏப்ரல் 7 அன்று கல்லூரி இறுதி ஆட்டம். சவுத் கரோலினாவிடம் 87-75 என்று தோல்வி, இவர் எடுத்தது 30, அதில் 18 முதல் கால் பகுதியிலேயே. மே 14 அன்று இண்டியானா ஃபீவர் அணிக்காகத் தொழில்முறையில் முதல் ஆட்டம். அங்கே 40 ஆட்டங்களில் 769 புள்ளிகள். 'இந்த ஆண்டு' என்றால் எதைக் கூட்டுவது, எதைக் கழிப்பது?

தனித்தமிழ் அன்பர் ஒருவர் 'பட்டம்' என்ற சொல்லை முன்வைத்தார். ஆடிப்பட்டம், தைப்பட்டம் எல்லாம் விதைக்கும் காலம்தான். சொற்பிறப்பைப் பார்த்தால் சீசனுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் உலகத்திலேயே கிடையாது. எனக்கும் ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் விளையாட்டுப் பக்கத்தில் பட்டம் என்றால் சாம்பியன் பட்டம். அயோவா 2023-லும் 2024-லும் இறுதிவரை வந்து இரண்டு முறையும் தோற்ற அணி. தேசியப் பட்டமே வெல்லாதவருக்கு "நான்கு பட்டம் கண்டவர்" என்று எழுதச் சொல்கிறார். வேண்டாம்.

ஆகவே ஆட்டக்காலம். அறுவடைக்காலம், மழைக்காலம், மீன்பிடித் தடைக்காலம் என்று நாம் தினமும் சொல்லும் வரிசையில் எளிதாக உட்கார்கிறது. தொடக்கமும் முடிவும் உள்ள ஒரு நீட்சி என்பது சொல்லிலேயே தெரிகிறது. வயதையோ தேர்வையோ கூட்டிக்கொண்டு வருவதில்லை. ஆட்டத்துக்கு 31.6, ஆட்டக்காலத்துக்கு 1,234 என்று எழுதும்போது சிறியதும் பெரியதும் ஒரே அடியிலிருந்து கிளைக்கின்றன. ஓர் ஆட்டம் எவ்வளவு நேரம் நடந்தது என்று சிலர் குழப்பிக்கொள்வார்களே என்றால், அதற்கு 'ஆட்ட நேரம்' ஏற்கெனவே இருக்கிறது. பேச்சில் சீசன் என்றே சொல்லுங்கள், எனக்கு ஆட்சேபமில்லை. குற்றாலத்தில் சீசன், மாம்பழ சீசன் என்று நம் வாயில் அது நன்றாகவே ஊறிவிட்டது. சீசன் என்று எழுதுகிறவர் சோம்பேறி என்றுகூடச் சொல்ல மாட்டேன். தவறான தமிழுக்குச் சரியான கடன்சொல் எவ்வளவோ மேல்.

பருவம் இழுத்துவந்த கொடுமைகளில் உச்சம் 'வழக்கமான பருவம்'. ரெகுலர் சீசனாம்! வழக்கமான பருவம் என்றால் வானிலை அறிக்கை. பிளே-ஆஃபுக்கு முந்தைய ஆட்டங்கள் என்பதுதான் பொருள், ஐ.பி.எல். பார்க்கும் பையன்கூட அதை 'லீக் சுற்று' என்பான். இதைத் துல்லியமாகச் சொல்லாவிட்டால் கணக்கே மாறிவிடும். லாஸ் வேகஸ் ஏசஸ் அணியின் ஏஜா வில்சன் 2024-இல் 38 ஆட்டங்களில் 1,021 புள்ளிகள் எடுத்தார், சராசரி 26.9. டபிள்யூ.என்.பி.ஏ.வில் ஆயிரத்தைத் தொட்ட முதல் ஆள் அவர்தான். 2006-இல் டயானா டொராசி 34 ஆட்டங்களில் 25.3 என்று வைத்திருந்த சராசரிச் சாதனையும் அதோடு போனது. ஆனால் அந்த 1,021 லீக் சுற்றுக்கு மட்டும். பிளே-ஆஃபில் எடுத்தது அதில் சேராது, ஒலிம்பிக்கில் எடுத்ததும் சேராது. கல்லூரிக் கணக்கு அப்படியில்லை; கிளார்க்கின் 1,234-இல் நாக்-அவுட் உட்பட எல்லாம் அடக்கம். இரண்டு இடத்திலும் ஆங்கிலத்தில் 'சீசன்' என்றே சொல்கிறார்கள். மொழிபெயர்ப்பவர் உள்ளே என்ன இருக்கிறது என்று திறந்து பார்க்காமல் இரண்டுக்கும் 'பருவத்தில்' என்று முத்திரை குத்தி, இவர் 1,234 அவர் 1,021 என்று ஒப்பிட்டு ஒரு பட்டியலும் போட்டுவிடுகிறார்.

மொத்தத்தையும் சராசரியையும் போட்டுக் குழப்புவது அடுத்த ரகம். கிளார்க் முறியடித்தது 2016-17 ஆட்டக்காலத்தில் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தின் கெல்சி பிளம் எடுத்த 1,109 புள்ளிகளை. பிளமுக்கு அது 35 ஆட்டங்களில் வந்தது. 2024 மார்ச் 25 அன்று வெஸ்ட் வர்ஜீனியாவுக்கு எதிராக 32 எடுத்துக் கிளார்க் 1,113-ஐ அடைந்தபோது அவருக்கும் அது 35-ஆவது ஆட்டம். நான்கே புள்ளி வித்தியாசம். பிறகு நான்கு ஆட்டம் கூடுதலாக ஆடியதில் மொத்தம் எகிறியது, சராசரி இறங்கியது. முடிவில் பிளமின் சராசரி 31.7, கிளார்க்குடையது 31.6. 'ஸ்கோரிங் சாதனை' என்பதை எதன் சாதனை என்று சொல்லாமல் 'மதிப்பெண் சாதனை' ஆக்கினால் இந்த நூலிழை அறுந்துவிடுகிறது.

அதே பிளமிடம் இன்னொரு சாதனையும் இருந்தது. நான்கு ஆட்டக்காலங்களுக்கும் சேர்த்து 3,527. அதைக் கிளார்க் தாண்டியது 2024 பிப்ரவரி 15 அன்று, அயோவா சிட்டியில், மிச்சிகனுக்கு எதிராக. எட்டுப் புள்ளி தேவை. அயோவாவின் முதல் எட்டுப் புள்ளிகளையும் இவரே எடுத்தார். கடைசி மூன்று, ஆடுகளத்தின் நடுவில் வரைந்த சின்னத்துக்குப் பக்கத்திலிருந்து எறிந்த பந்து. மூன்று புள்ளிக் கோடு எங்கோ முன்னால் கிடந்தது. ஆட்டம் முடியும்போது 49. இந்த 3,527-ஐத் தாண்டியதைத்தான் நம் ஆட்கள் 'வாழ்நாள் சாதனை' என்று எழுதினார்கள். கேரியர் என்றால் வாழ்நாளாம்! அப்போது அவருக்கு 22 வயது. வாழ்நாள் சாதனையாளர் விருதை எழுபது வயதில் சால்வையோடு வாங்குவார்கள். 'கல்லூரிக் காலத்தில் மொத்தம்' என்றால் முடிந்தது.

கூடவே ஒரு தகவல் பிழையும் ஒட்டிக்கொண்டு சுற்றுகிறது. கிளார்க் 3,951 புள்ளிகளோடு கல்லூரியை முடித்தார், அது அமெரிக்கக் கல்லூரி விளையாட்டுகளை நடத்தும் அமைப்பான என்.சி.ஏ.ஏ.வின் முதல் பிரிவில், ஆண் பெண் இரண்டையும் சேர்த்து அதிகம். ஆங்கிலச் செய்தியில் 'முதல் பிரிவு' என்பது கண்டிப்பாக இருக்கும். தமிழுக்கு வரும் வழியில் அது கழன்று விழுந்து, 'கல்லூரிப் பெண்கள் கூடைப்பந்து வரலாற்றிலேயே அதிகப் புள்ளி' என்று ஆகிவிடுகிறது. என்.சி.ஏ.ஏ. பெண்கள் போட்டிகளை நடத்த வருவதற்கு முன்பு, 1970-களில் சிறிய கல்லூரிகளில் ஆடிய பெர்ல் மூர் எடுத்தது 4,061. கிளார்க்கைவிட 110 அதிகம்.