இரவெல்லாம் வெளியே வைத்த பாஸ்தாவை மறுநாள் சூடாக்கிச் சாப்பிடாதீர்கள்

இந்த வாரமும் அதே கதைதான். சனிக்கிழமை இரவு வீட்டில் பேக்கன் போட்ட கிரீம் பாஸ்தா. ஞாயிறு காலை மிச்சத்தைச் சூடாக்கிச் சாப்பாடு. பதினோரு மணிக்குள் வாந்தி. லாஸ்பேட்டையிலிருந்து ஓர் இளம் தம்பதி, கூடவே யூகேஜி படிக்கும் மகள். பெரியவர்கள் சமாளித்துக்கொண்டார்கள், குழந்தை துவண்டு போயிருந்தாள். உடன் வந்த பாட்டி தீர்ப்பே சொல்லிவிட்டார்: "எல்லாம் அந்தப் பன்றிக்கறிதான் டாக்டர். ஒத்துக்கொள்ளவில்லை."

ஆனால் குழந்தைக்குப் பேக்கன் பிடிக்காது. துண்டுகளை எல்லாம் பொறுக்கி எடுத்துவிட்டு வெறும் பாஸ்தாவைத்தான் கொடுத்திருக்கிறார்கள். மூவரில் அதிகமாக வாந்தி எடுத்தவளும் அவள்தான்.

புதுச்சேரியில் பாஸ்தா இப்போது வெள்ளைக்காரத் தெரு உணவகங்களில் மட்டும் கிடைக்கும் பண்டமாக இல்லை. காலாப்பட்டில் அறை எடுத்துத் தங்கியிருக்கும் மாணவர்கள் சமைக்கிறார்கள். முத்தியால்பேட்டையில் வேலை முடிந்து இரவு எட்டு மணிக்கு வீடு திரும்புகிறவர்கள் சமைக்கிறார்கள். கடலூர் மஞ்சக்குப்பத்திலிருந்தும் இதே காரணத்துக்காக என்னிடம் வந்திருக்கிறார்கள். அரை மணி நேரத்தில் வயிறு நிறையும் உணவு என்பதால் எனக்கு அதில் எந்த வருத்தமும் இல்லை. மிஞ்சியதைச் சட்டியோடு அடுப்பு மேடையில் வைத்துவிட்டுத் தூங்கப் போகிறார்களே, அதைத்தான் என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

முதலில் பேக்கனைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எல்லோரும் அதன்மேல்தான் பழி போடுகிறார்கள். பேக்கன் என்பது உப்பிட்டு, பெரும்பாலும் புகையூட்டிய பன்றி இறைச்சி. புகை பட்டிருப்பதால் அது வெந்த இறைச்சி என்று சிலர் நினைக்கிறார்கள். அது தவறு. உறைந்த நிலையில் பொட்டலமாக விற்கப்படுவதில் பெரும்பாலானவை பச்சை இறைச்சிதான். அதை முழுவதும் வேகவைத்தே தீர வேண்டும். சமையல் மேடையில் வைத்து உறைநீக்காதீர்கள்; முதல் நாளே ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டுக்கு மாற்றி வையுங்கள். அதை நறுக்கிய பலகையிலேயே குடைமிளகாயை நறுக்காதீர்கள். அதைத் தொட்ட கையைச் சோப்புப் போட்டுக் கழுவாமல் சீஸைத் துருவாதீர்கள்.

மூளையில் புழு வரும் என்று பயப்படுகிறவர்களுக்கு ஒரு விளக்கம். மூளையில் கட்டிகளை உண்டாக்குவது நாடாப்புழுவின் முட்டை. அந்த முட்டை மனித மலம் கலந்த நீர், கழுவாத காய்கறி, கழுவாத கை வழியாக வயிற்றுக்குள் போகிறது. பன்றி இறைச்சியைத் தொட்டே பார்க்காதவர்களுக்கும் அந்த நோயை நாங்கள் பார்க்கிறோம். ஆகவே பெரிய மார்க்கெட்டில் வாங்கிய கேரட்டையும் பீன்ஸையும் ஓடும் தண்ணீரில் நன்றாகத் தேய்த்துக் கழுவுங்கள். பேக்கனை முறைத்துப் பார்ப்பதைவிட அதில் பயன் அதிகம்.

என் நோயாளிகளுக்கு நான் சொல்லும் செய்முறை இது. இரண்டு பேருக்கு 200 கிராம் பாஸ்தா போதும். அது கொதிக்கும் நீரில் வேகும் நேரத்தில் 80 முதல் 100 கிராம் பேக்கனைச் சிறு துண்டுகளாக்கி, சூடேறாத வாணலியில் போட்டு மெல்லிய தீயில் வையுங்கள். அதன் கொழுப்பே உருகி வரும், தனியாக எண்ணெய் வேண்டாம். ஓரம் முறுகியதும் நசுக்கிய பூண்டு, பிறகு கேரட், பீன்ஸ், பட்டாணி, காளான். காய்கறியின் அளவு பாஸ்தாவுக்குக் குறையாமல் இருக்கட்டும். தீயைக் குறைத்து 100 மில்லி கிரீம், பாஸ்தா வெந்த தண்ணீரில் ஒரு கரண்டி, மிளகுத்தூள். வடித்த பாஸ்தாவைப் போட்டுப் புரட்டினால் முடிந்தது. உப்பைக் கடைசியில் ருசி பார்த்துவிட்டுப் போடுங்கள், பெரும்பாலும் தேவைப்படாது. பேக்கனிலும் சீஸிலும் இருக்கிற உப்பே கணிசமானது. ஒரு நாளைக்கு ஒருவருக்கு மொத்தம் 5 கிராமுக்குக் குறைவாகவே உப்பு இருக்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். இரத்தக் கொதிப்புக்கு மாத்திரை சாப்பிடுகிறவர்கள் இதைப் படித்துவிட்டு அடுத்த வரிக்குத் தாவ வேண்டாம், இது உங்களுக்காகவே எழுதியது. பேக்கன் போன்ற பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் முதல் பிரிவில் அந்த நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2015இல் சேர்த்திருக்கிறது. எப்போதாவது சாப்பிடுங்கள். வாராவாரம் வேண்டாம்.

இனி நான் சொல்ல வந்த விஷயம். "நன்றாகக் கொதிக்க வைத்துத்தான் சாப்பிட்டோம் டாக்டர்." இந்த வாக்கியத்தைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. கொதிக்க வைத்தால் எல்லாம் சரியாகிவிடும் என்ற நம்பிக்கை நம் சமையலறைகளில் வேரோடிப் போயிருக்கிறது. மாவுப் பண்டங்களில் இந்த நம்பிக்கை ஆளைக் கவிழ்த்துவிடும்.

மண்ணில் வாழும் பேசில்லஸ் சீரியஸ் என்ற பாக்டீரியா அரிசி, கோதுமை, பால், மிளகு என்று எதன் வழியாகவும் வீட்டுக்குள் வரும். சமையல் சூட்டில் பாக்டீரியா சாகும். அதன் வித்துகள் சாகாது. கொதிநீரில் பிழைத்த வித்துகள், பண்டம் ஆறி வெதுவெதுப்பாகும்போது முளைத்துப் பெருகுகின்றன. அவை பெருக உகந்த வெப்பம் 30 முதல் 37 டிகிரி. நம் ஊரில் மே மாத இரவு எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரியும். பெருகும்போது அவற்றில் சில வகைகள் செரியுலைடு என்ற நஞ்சை உணவுக்குள்ளேயே சுரந்துவைக்கின்றன. மறுநாள் காலை நீங்கள் சூடாக்கும்போது பாக்டீரியா மறுபடியும் செத்துப் போகலாம். நஞ்சு அப்படியே இருக்கும். 121 டிகிரியில் ஒன்றரை மணி நேரம் வைத்தாலும் அந்த நஞ்சு சிதைவதில்லை. நம் வீட்டு பிரஷர் குக்கருக்குள் எட்டும் வெப்பம் ஏறக்குறைய அதே அளவுதான். குக்கரில் ஒன்றரை மணி நேரம் வைத்தாலும் போகாத நஞ்சு, வாணலியில் ஐந்து நிமிடம் புரட்டினால் போய்விடுமா? மைக்ரோவேவில் இரண்டு நிமிடம் சுற்றினால் போய்விடுமா?

பெல்ஜியத்தில் நடந்த இரண்டு சம்பவங்கள் மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கின்றன. 2003இல் ஒரு குடும்பத்தின் ஐந்து குழந்தைகள் மூன்று நாள் பழைய பாஸ்தா சாலட்டைச் சாப்பிட்டு நோயுற்றார்கள். ஏழு வயதுச் சிறுமி இறந்துபோனாள். அந்த உணவு ஃபிரிட்ஜில்தான் இருந்தது, ஆனால் ஃபிரிட்ஜின் வெப்பம் 14 டிகிரி. 2008இல் ஓர் இருபது வயது மாணவர், ஐந்து நாள்கள் சமையலறையில் வெளியே கிடந்த ஸ்பகெட்டியைச் சூடாக்கிச் சாப்பிட்டார். அரை மணி நேரத்தில் வாந்தி தொடங்கியது. மறுநாள் காலை அவர் உயிருடன் இல்லை. பிரேதப் பரிசோதனையில் கல்லீரல் திசு சேதமடைந்திருந்தது தெரிந்தது. இவை அரிதானவை. பெரும்பாலானவர்கள் ஒரு நாளில் தேறிவிடுகிறார்கள். ஆனால் யார் தேறுவார், யாருக்குக் கல்லீரல் போகும் என்பதை வாசலில் வைத்து என்னால் சொல்ல முடியாது.

"பழைய சோறு சாப்பிட்டு வளர்ந்தவர்கள்தானே நாம்?" என்று அடுத்த கேள்வி வரும். வளர்ந்தோம். பழைய சோற்றில் நீர் ஊற்றுகிறோம்; அதில் வேறு நுண்ணுயிர்கள் வளர்ந்து புளிக்கவைக்கின்றன. அந்தப் புளிப்பில் பேசில்லஸ் சீரியஸ் எளிதில் தழைக்காது. சாம்பாரிலும் காரக்குழம்பிலும் புளி இருக்கிறது. அம்மா தூங்கப் போகுமுன் ஒருமுறை, விடிந்ததும் ஒருமுறை கொதிக்கவைத்தார். கிரீம் பாஸ்தாவில் புளிப்பு ஏது? ஈரமும் மாவும் பாலும் சேர்ந்த பண்டம் அது. குழம்புக்கு வைத்திருந்த வழக்கத்தை அதற்குப் போட்டால் செல்லாது. முகர்ந்து பார்த்தேன், நன்றாகத்தான் இருந்தது என்றும் சொல்லாதீர்கள். செரியுலைடுக்கு மணமும் இல்லை, ருசியும் இல்லை.

எனவே, அந்த வேளைக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவே சமையுங்கள். பாஸ்தா வேகப் பத்துப் பன்னிரண்டு நிமிடம்தான். மறுநாளைக்கும் சேர்த்துச் சமைத்து மிச்சப்படுத்தும் நேரம் பெரிதில்லை. மிஞ்சினால் இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குள் போக வேண்டும். சமையலறை வெப்பம் 32 டிகிரியைத் தாண்டும் கோடையில் ஒரு மணி நேரத்துக்குள். சூடாக வைத்தால் ஃபிரிட்ஜ் கெட்டுவிடும் என்று இரவு பதினோரு மணிவரை ஆறவிடாதீர்கள். அகலமான தட்டையான டப்பாவில் மெல்லிதாகப் பரப்பினால் கால் மணி நேரத்தில் ஆறிவிடும். பெரிய சட்டியோடு உள்ளே தள்ளினால் நடுப்பகுதி விடியும்வரை வெதுவெதுப்பாகவே இருக்கும். ஃபிரிட்ஜ் 5 டிகிரிக்குக் கீழே இருக்கிறதா என்று ஒருமுறையாவது அளந்து பாருங்கள், அதற்கான வெப்பமானியின் விலை என் ஆலோசனைக் கட்டணத்தைவிடக் குறைவு. எடுத்து வைத்ததை மறுநாளே, ஒரே ஒருமுறை ஆவி பறக்கச் சூடாக்கிச் சாப்பிட்டு முடித்துவிடுங்கள்.

மின்சாரம் போனால் கதவைத் திறக்காமல் வைத்திருக்கும் ஃபிரிட்ஜ் ஏறக்குறைய நான்கு மணி நேரம் தாங்கும். 2011இல் தானே புயலையும் 2024இல் ஃபெஞ்சலையும் பார்த்த ஊர் இது. அந்த மாதிரி நாள்களில் பால், கிரீம், இறைச்சி, சமைத்த பண்டம் எதையும் இரக்கம் பார்க்காமல் கொட்டிவிடுங்கள்.

இன்னொன்றைக் கைகூப்பிக் கேட்டுக்கொள்கிறேன். நமக்கே சந்தேகமாக இருக்கும் மிச்சத்தை, வீணாகக் கூடாது என்று வீட்டு வேலைக்கு வரும் அக்காவிடம் கொடுத்தனுப்பாதீர்கள். அவர் அதை மதியம்வரை பையில் வைத்திருந்து பிள்ளைகளுக்குக் கொடுப்பார். அந்தப் பிள்ளைகள் என்னிடம் வருவதில்லை; வேறெங்கோ வரிசையில் நிற்கிறார்கள். கொடுக்க மனம் இருந்தால் இரவே, சூடாக இருக்கும்போதே கொடுங்கள்.

வாந்தி வந்துவிட்டால் மருந்துக்கடையில் ஆண்டிபயாட்டிக் கேட்டு வாங்காதீர்கள். நஞ்சுக்கு அது ஒன்றும் செய்யாது. சோடா வேண்டாம், குளிர்பானம் வேண்டாம். ஓ.ஆர்.எஸ். பொட்டலத்தை அதன்மேல் எழுதியிருக்கும் அளவுத் தண்ணீரில் கரைத்து, வாந்தி எடுத்துப் பத்து நிமிடம் கழித்து, தேக்கரண்டி தேக்கரண்டியாகக் கொடுங்கள். எதுவுமே வயிற்றில் தங்காமல் இருந்தால், குழந்தை ஆறு மணி நேரமாகச் சிறுநீர் கழிக்கவில்லை என்றால், கூப்பிட்டால் கண் திறக்காமல் மந்தமாகக் கிடந்தால், கண் மஞ்சளாகத் தெரிந்தால், விடியட்டும் என்று காத்திருக்காமல் உடனே மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். உணவை எப்போது சமைத்தீர்கள், எத்தனை மணிக்குச் சாப்பிட்டீர்கள், முதல் வாந்தி எப்போது என்ற மூன்றையும் ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். இந்த நஞ்சைக் கண்டறியும் சோதனை நம் மருத்துவமனைகளில் வழக்கமாக இல்லை. அந்த நேரக் கணக்கை வைத்துத்தான் நாங்கள் முடிவுக்கு வருகிறோம். சாப்பிட்டு அரை மணி முதல் ஆறு மணி நேரத்துக்குள் வாந்தி தொடங்கியிருந்தால் எங்கள் சந்தேகம் இந்தப் பக்கம் திரும்பும். சட்டியில் இன்னும் மிச்சம் இருந்தால் கழுவிவிடாமல் மூடி, அதையும் கையோடு எடுத்து வாருங்கள்.