இரண்டு படம், ஒரே நிலா

ஆந்திராவில், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய எங்கள் நகரிப் பக்கம் தமிழ் பேசுகிற வீடுகளில் பழைய படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் எந்த மொழிப் படம் என்று தனியாகக் கேட்க வேண்டியதில்லை. 'மிஸ்ஸம்மா' என்றால் தெலுங்கு, 'மிஸ்ஸியம்மா' என்றால் தமிழ். இரண்டையும் பார்த்தவர்கள் ஏராளம். என் அத்தை 1957இல் 'மாயாபஜார்' படத்தை ஊரில் தெலுங்கில் பார்த்துவிட்டு, அப்புறம் திருத்தணிக்குப் போய்த் தமிழிலும் பார்த்தவர். (அப்போது திருத்தணியும் ஆந்திராவில்தான் இருந்தது. 1960இல்தான் சென்னை மாநிலத்துக்கு வந்தது.) அதில் காதலர்கள் நிலா வெளிச்சத்தில் படகில் போகும் காட்சியைப் பற்றி அவர் சொல்வது எப்போதும் ஒன்றுதான்: "நெலா ரெண்டுலயும் ஒண்ணுதான்டா. படகுல இருந்த பையன்தான் வேற."

பையன் வேறுதான். அபிமன்யுவாகத் தெலுங்கில் நாகேஸ்வர ராவ், தமிழில் ஜெமினி கணேசன். சாவித்திரி இரண்டிலும் உண்டு. இரண்டுக்கும் இயக்குநர் கே. வி. ரெட்டி, ஒளிப்பதிவு மார்கஸ் பார்ட்லி. இலங்கையில் 1917இல் பிறந்து, சென்னையில் வாகினி ஸ்டூடியோவின் கேமராமேனாகப் பெயர் வாங்கியவர். அந்த நிலா வானத்து நிலா அல்ல, அவர் செய்த நிலா. அதை எப்படிச் செய்தார்கள் என்று புரிந்துகொண்டால் அந்தக் காலத்து ஒளிப்பதிவில் பாதி புரிந்த மாதிரி.

முதலில், நிஜ நிலா ஏன் உதவாது? உச்சி வெயிலில் தரையில் விழும் வெளிச்சம், அதை அளக்கும் அலகில் சொன்னால், சுமார் ஒரு லட்சம் லக்ஸ். நல்ல பௌர்ணமியில் அது ஏறக்குறைய கால் லக்ஸ். சினிமா கேமரா நொடிக்கு 24 படம் எடுக்கிறது. ஒவ்வொரு படத்துக்கும் வெளிச்சம் உள்ளே போகக் கிடைக்கும் நேரம் நொடியில் 48இல் ஒரு பங்கு. அன்று ஸ்டூடியோக்களில் புழங்கிய பிளஸ்-எக்ஸ் போன்ற ஃபில்மில், லென்ஸை எஃப் 2.8 அளவுக்குத் திறந்து வைத்தாலும், முகம் தெளிவாகப் பதிய ஆயிரம் லக்ஸ் வேண்டும். பௌர்ணமி தருவதைப்போல நாலாயிரம் மடங்கு. அதனால் திரையில் நிலா வெளிச்சம் வேண்டுமென்றால் பெரிய பெரிய விளக்குகள் எரிய வேண்டும், இல்லையென்றால் வெயிலிலேயே எடுக்க வேண்டும்.

அவ்வளவு வெளிச்சத்தைக் கொட்டிவிட்டு அதை இரவு என்று நம்பவைப்பது எப்படி? அதற்கு ஃபில்முக்குள் என்ன நடக்கிறது என்று பார்க்க வேண்டும்.

ஃபில்மின் மேல் பூசியிருப்பது ஜெலட்டின். அதற்குள் வெள்ளி உப்பின் மிக நுண்ணிய படிகங்கள். வெளிச்சம் பட்ட படிகத்தில் சில வெள்ளி அணுக்கள் மட்டும் ஓரிடத்தில் சேர்ந்து நிற்கும். கண்ணுக்கு அப்போது ஒன்றும் தெரியாது. லேபில் டெவலப்பர் திரவத்தில் போட்டதும் அந்தச் சில அணுக்களைப் பிடித்துக்கொண்டு படிகம் முழுவதும் வெள்ளியாக மாறிக் கறுக்கும். வெளிச்சம் படாததை ஹைப்போ என்ற இன்னொரு திரவம் கரைத்து எடுத்துவிடும். இதுதான் நெகட்டிவ். பிரின்ட் போடும்போது கறுப்பு வெளுப்பாகத் திரும்பும். வெள்ளி உப்புக்கு இயல்பில் நீலம்தான் தெரியும், சிவப்பு தெரியாது. சாயம் சேர்த்தால் மற்ற நிறங்களும் தெரியும் என்று 1873இல் ஹெர்மன் ஃபோகல் கண்டுபிடித்தார். எல்லா நிறமும் தெரிகிற பான்குரோமேட்டிக் ஃபில்ம் சினிமாவில் பரவலாக வந்தது 1920களின் கடைசியில்தான்.

ஆக, கேமராமேன் கண்ணால் பார்ப்பது வண்ணம், ஃபில்மில் விழுவது சாம்பல். அரக்குச் சிவப்புப் புடவையும் பின்னால் இருக்கும் பச்சை இலையும் ஒரே சாம்பலாக ஒட்டிப்போகலாம். அதைக் கண்டுபிடிக்க, பழுப்பு மஞ்சள் நிறத்தில் ஒரு சிறு கண்ணாடி வில்லை வழியாக செட்டைப் பார்ப்பார்கள். அது வண்ண வித்தியாசங்களை அமுக்கிவிடும், வெளிச்ச வித்தியாசம்தான் மிஞ்சும். தூய வெள்ளைத் துணி விளக்கில் சுட்டெரிக்கும் என்பதால் அதை வெளிர் நிறச் சாயத்தில் முக்கியெடுப்பதும் உண்டு. மானிட்டர் கிடையாது. இன்று எடுத்தது நாளை லேபிலிருந்து ரஷ், அதாவது அதன் முதல் பிரின்ட், வந்தால்தான் தெரியும். எனக்கு அந்தத் தொழிலில் மிகப் பெரிய விஷயமாகப் படுவது இதுதான். ஒரு வேதிவினை நாளை என்ன செய்யும் என்பதை இன்றே மனத்தில் பார்த்துவிட்டு விளக்கை நகர்த்த வேண்டும்.

சரி, நிலாவுக்கு வருவோம். இரவு என்பது வெளிச்சம் குறைவாக இருப்பது அல்ல, திரையில் கறுப்பு அதிகமாக இருப்பது. கறுப்புக்கு நடுவில் சில இடங்கள் பளிச்சென்று இருந்தால் கண் அதை இரவு என்று எடுத்துக்கொள்கிறது. அதனால் முக்கிய விளக்கு முன்னால் இருக்காது. பாத்திரங்களுக்குப் பின்னால், உயரத்தில் இருக்கும். தலைமுடியின் ஓரம், தோள், படகின் விளிம்பு மட்டும் வெள்ளிக் கோடாக ஒளிரும். முன்பக்கம் மிகக் கொஞ்சம் வெளிச்சம், முகம் தொலைந்துபோகாத அளவுக்கு.

தண்ணீருக்கும் இதேதான். நம் ஊர் ஏரியில் நிலா எழும்போது பார்த்தால் தெரியும். நிலா இருக்கும் திசையில் நம் கால்வரை ஒரு மின்னும் பாதை இருக்கும், மற்ற இடமெல்லாம் இருட்டு. ஒவ்வொரு சிற்றலையும் ஒரு சின்னக் கண்ணாடி. விழும் கோணமும் திரும்பும் கோணமும் சமம் என்பதால், சரியான சாய்வில் இருக்கும் அலைகள் மட்டும் ஒளியை நம் கண்ணுக்கு அனுப்புகின்றன. விளக்கை முன்னால் வைத்தால் இந்த மினுமினுப்பு வராது, தண்ணீர் மங்கலாகக் கிடக்கும். பின்னால் வைத்தால் தண்ணீரே நிலா வெளிச்சத்துக்குச் சாட்சி சொல்லும்.

வெயிலில் எடுப்பதென்றால் இதே வேலையைச் சூரியனை வைத்துச் செய்வார்கள். சூரியன் பின்னால் இருக்கும்படி கேமராவை நிறுத்தி, லென்ஸுக்கு முன் சிவப்பு ஃபில்டர் போடுவார்கள். சிவப்புக் கண்ணாடி நீல ஒளியை விடாது, அதனால் நீல வானம் கறுத்துவிடும். ஃபில்மில் விழும் வெளிச்சத்தையும் (எக்ஸ்போஷர்) குறைத்தால் பகல் இரவாகிவிடும். ஒரு சங்கடம் உண்டு. சிவப்பு ஃபில்டர் வழியே உதட்டுச் சிவப்பும் தோலும் ஒரே வெளுப்பாகி, உதடே காணாமல் போகும். அதை முன்கூட்டியே யோசித்து மேக்கப்பை மாற்ற வேண்டும்.

இனி அந்த இரண்டு பையன்கள். இருமொழிப் படங்களில் லைட்டிங் செய்ய ஆகும் நேரமும் செலவும் மிச்சமாகட்டும் என்று, ஒரு ஷாட்டை ஒரு மொழியில் எடுத்துவிட்டு, அதே செட்டில் அதே விளக்குகளுக்கு நடுவே அடுத்த மொழி நடிகரை நிறுத்துவார்கள். பின்னாலிருந்து வரும் நிலாவுக்கு யார் உட்கார்ந்தாலும் ஒன்றுதான், அத்தை பார்த்தது சரி. ஆனால் முன்னாலிருந்து முகத்தில் விழும் விளக்கு, கீ லைட், அப்படி இல்லை.

எங்கள் ஊர் மூக்கு மலையை ரயிலில் போகிறவர்கள்கூடக் கவனித்திருப்பார்கள். காலையிலும் மாலையிலும் வெயில் சாய்ந்து விழும்போது அந்த மூக்கு எடுப்பாக நிற்கும், ஒரு பக்கம் வெளிச்சம், மறு பக்கம் நிழல். உச்சியில் வெயில் வந்துவிட்டால் தட்டையாகிவிடும். மனித முகத்தையும் இப்படி விளக்கின் கோணம்தான் மாற்றும். கீ லைட் ஏற ஏற மூக்கின் நிழல் உதட்டை நோக்கி நீளும், கண்குழி இருளும். இறங்கினால் முகம் சப்பையாகும். மூக்கின் நீளமும் கன்ன எலும்பும் ஆளுக்கு ஆள் வேறு என்பதால், நடிகர் மாறினால் இந்த ஒரு விளக்கையாவது ஏற்றி இறக்கியாக வேண்டும். தள்ளி வைப்பதிலும் கணக்கு உண்டு. விளக்கின் தூரம் இரண்டு மடங்கானால் வெளிச்சம் பாதியாகாது, கால்வாசியாகிவிடும்.

கதாநாயகியின் நெருக்கக் காட்சிகளில் ஒரு மென்மை தெரியுமே, அது நெசவு ஊர்க்காரர்களுக்கு உடனே பிடிபடும். லென்ஸுக்கு முன் மெல்லிய வலைத்துணியைக் கட்டுவார்கள். வீட்டிலேயே பார்க்கலாம். மெல்லிய வாயில் துணி ஒன்றைக் கண்ணுக்கு முன் இழுத்துப் பிடித்து, தூரத்துத் தெருவிளக்கைப் பாருங்கள். விளக்கைச் சுற்றிச் சிலுவை மாதிரி ஒளிப்புள்ளிகள் வரிசையாக நிற்கும். நூல்களுக்கு இடையே உள்ள இடுக்குகளில் ஒளி வளைந்து பரவுவதால் வருவது அது. துணியைத் திருப்பினால் சிலுவையும் திரும்பும். லென்ஸுக்கு முன் இதே பரவல் பளிச்சென்ற இடத்தின் ஒளியில் கொஞ்சத்தைப் பக்கத்து நிழலில் கசியவிடுகிறது. தோலின் சிறு குழிகள் மறைகின்றன, கண்ணின் மினுக்கு விரிகிறது.

இதெல்லாம் கைவேலையாகத்தான் கற்றுக்கொள்ளப்பட்டது. கேமரா உதவியாளன் முதலில் பழகுவது இருட்டில் மேகசினில், அதாவது கேமராவின் ஃபில்ம் பெட்டியில், ஃபில்ம் ஏற்றுவதை. ஆயிரம் அடிச் சுருள், ஓடினால் பதினொரு நிமிடம். பான்குரோமேட்டிக் ஃபில்முக்குச் சிவப்பு விளக்குகூட ஆகாது என்பதால் கும்மிருட்டு. எந்தப் பக்கம் மருந்துப் பூச்சு என்று எப்படித் தெரியும்? சுருளின் நுனியை ஈர உதட்டில் வைத்துப் பார்ப்பார்கள். ஒட்டுகிற பக்கம் ஜெலட்டின் பக்கம். அங்கிருந்து ஃபோகஸ், பிறகு கேமராவை இயக்குவது, அதன் பிறகுதான் விளக்கைப் பற்றி வாய் திறப்பது. கோழிக்கோட்டில் பிறந்த ஏ. வின்சென்ட் ஜெமினி ஸ்டூடியோவில் இப்படி உதவியாளராகத் தொடங்கியவர்தான். 1962இல் ஒரே ஆஸ்பத்திரி செட்டுக்குள் நடக்கும் 'நெஞ்சில் ஓர் ஆலய'த்தைக் கருப்பு வெள்ளையில் எடுத்தவர், 1964இல் 'காதலிக்க நேரமில்லை'யை ஈஸ்ட்மென் கலரில் எடுத்தார். பார்ட்லியும் 'செம்மீ'னுக்காகக் கேரளக் கடலை வண்ணத்தில் எடுத்தார், 1965இல். 'சாந்தி நிலைய'த்தின் வண்ண ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் பெற்றார். வண்ணம் வந்ததும் புடவையையும் இலையையும் பிரிக்கப் பின்விளக்கு அவசியமில்லாமல் போனது. நிறமே பிரித்துவிடுகிறது.

தெலுங்கு 'மாயாபஜார்' 2010இல் கணினி வழியாக வண்ணம் ஏற்றப்பட்டுத் திரும்ப வெளியானது. அத்தை அதையும் பார்த்தார். "இப்போ நெலாவும் வேற ஆயிடுச்சு" என்றார். நிலா வெளிச்சத்தில் நம் கண்ணில் வேலை செய்பவை பெரும்பாலும் குச்சி செல்கள். அவற்றுக்கு நிறம் பிரிக்கத் தெரியாது. பௌர்ணமி இரவில் மாடியில் காயும் சிவப்புப் புடவை சாம்பலாகத்தான் தெரியும். எங்கள் வீட்டில் படகுக் காட்சி பார்க்க வேண்டுமென்றால் அதனால் தமிழ்ப் படத்தைத்தான் போடுகிறோம், கருப்பு வெள்ளையில்.