பாஸ்போர்ட்டில் பிறந்த தேதி தவறா? பெங்களூர் கோரமங்களா பாஸ்போர்ட் அலுவலகத்துக்குக் கிளம்பும் முன்

நோட்டரி கையெழுத்திட்ட பிரமாணப் பத்திரம் ஒன்று போதும், பிறந்த தேதியை மாற்றிவிடலாம் என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள். அந்தத் தாளில் இருப்பது உங்கள் வாக்குமூலம் மட்டுமே. அதைச் சான்றாக எந்தக் கவுன்டரும் ஏற்காது.

நடைமுறை எளிது. விண்ணப்பம் மறுவெளியீட்டு வகையில் போகும். காரணம், சொந்த விவரங்களில் மாற்றம். 36 பக்கப் புத்தகத்துக்குக் கட்டணம் 1,500 ரூபாய், 60 பக்கத்துக்கு 2,000. தத்கல் என்ற அவசர வகைக்கு இன்னும் 2,000 உண்டு. தேதிச் சிக்கல் உள்ளவர்கள் அந்தப் பணத்தை வீணாக்க வேண்டாம், விசாரணை என்று வந்துவிட்டால் அவசரம் செல்லாது. பழைய விண்ணப்ப நகலில் தேதி சரியாக இருந்து பாஸ்போர்ட்டில் மட்டும் தவறாக அச்சாகியிருந்தால், புதிதாகப் பணம் கட்டும் முன் நகலோடு கோரமங்களாவில் உள்ள மண்டல பாஸ்போர்ட் அலுவலகத்தில் கேளுங்கள்.

பெங்களூர்த் தமிழர்களிடம் நான் அதிகம் பார்ப்பது வேறு சிக்கல். ஐந்து வயது நிறையாத பிள்ளையைப் பள்ளியில் சேர்க்க, தலைமையாசிரியரே ஒரு ஜூன் மாதத் தேதியை எழுதிக்கொண்டிருப்பார். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் அதுவே ஏறிவிடும். ஊரில் பிறப்புப் பதிவேட்டில் உண்மையான தேதி தூங்கிக்கொண்டிருக்கும். ஸ்ரீராம்புரத்திலோ அல்சூரிலோ குடியேறிய பிறகு ஆதார் ஒரு தேதியையும் ஓட்டுநர் உரிமம் இன்னொரு தேதியையும் காட்டும்.

2023 அக்டோபர் 1 அன்றோ அதற்குப் பிறகோ பிறந்தவர்களுக்குப் பிறப்புச் சான்றிதழ் மட்டுமே செல்லும். அதற்கு முன் பிறந்தவர்கள் பள்ளிச் சான்றிதழ், பான், ஓட்டுநர் உரிமம் போன்றவற்றையும் காட்டலாம் என்கிறது விதி. ஆனால் ஏற்கெனவே பதிவான தேதியை மாற்றும்போது அதிகாரி எல்லாவற்றையும் ஒன்றோடொன்று வைத்துப் பார்ப்பார். பிறப்புச் சான்றிதழை மட்டும் நீட்டிப் பள்ளிச் சான்றிதழை மறைத்தாலும் பயனில்லை. வேலைக்காகச் சில நாடுகளுக்குப் போகக் குடிபெயர்வு அனுமதி தேவையில்லை என்ற நிலையைப் (ECNR) பெற அதே பத்தாம் வகுப்புச் சான்றிதழைத்தான் பெரும்பாலோர் காட்டுகிறார்கள். முரண்பாடு அங்கே வெளிப்பட்டுவிடும்.

ஆகவே, எந்தத் தேதியை நிலைநிறுத்தப்போகிறீர்கள் என்று முடிவு செய்த பிறகே ஆதாரைத் தொடுங்கள். ஆதாரில் பிறந்த தேதியைத் திருத்த ஒரு முறைதான் வாய்ப்பு. யாரோ சொன்னார்கள் என்று அவசரப்பட்டு அதைத் தவறாகச் செலவழித்தவர்களைக் காப்பாற்றுவது கடினம்.

பிறப்பே பதிவாகாதவர்கள் இப்போது பதிவு செய்யலாம். ஓராண்டு கடந்துவிட்டால் நிர்வாக நடுவர் (எக்சிகியூட்டிவ் மாஜிஸ்திரேட்) அளவிலான அதிகாரியின் உத்தரவு வேண்டும். பிறந்த ஊரில்தான் அலைய வேண்டும், பெங்களூரில் நடக்காது. ஒன்றை மனத்தில் வையுங்கள்: பாஸ்போர்ட் வாங்கிய பிறகு பதிவான சான்றிதழ் என்றால் அதிகாரியின் புருவம் உயரும். மருத்துவமனைக் குறிப்பு, தடுப்பூசி அட்டை என்று பழைய தாள் எது கிடைத்தாலும் சேர்த்து வையுங்கள்.

பாஸ்போர்ட் வாங்கி ஐந்து ஆண்டு கடந்துவிட்டது, இனித் தேதியை மாற்ற முடியாது என்பது பழைய விதியின் எச்சம். அந்த வரம்பு தளர்த்தப்பட்டுப் பல காலமாகிறது. எத்தனை ஆண்டுக்குப் பின் கேட்டாலும் சான்றைப் பார்த்தே முடிவெடுக்க வேண்டும். இது கவுன்டருக்குப் பின்னால் இருப்பவருக்கும் சில நேரம் தெரிவதில்லை.

பழைய பாஸ்போர்ட் எதையும் மறைக்காதீர்கள். தெரிந்தே பொய்த் தகவல் தருவது பாஸ்போர்ட் சட்டத்தின் 12ஆம் பிரிவின்படி குற்றம். இரண்டாண்டுச் சிறைவரை போகும். முகவரியிலும் கவனம் தேவை. இப்போது குடியிருக்கும் பெங்களூர் முகவரியையே எழுதுங்கள். ஆதாரில் இருக்கிறதே என்று ஊர் முகவரியைப் போட்டால் போலீஸ் அங்கே போய் உங்களைத் தேடும், நீங்கள் இங்கே காத்திருப்பீர்கள்.

பாஸ்போர்ட் சேவை மையத்தில் மூன்று கவுன்டர் தாண்டியபின், "இது ஆகாது, கோர்ட்டுக்குப் போங்கள்" என்று வாயால் சொல்லி அனுப்பினால் அப்படியே திரும்பிவிடாதீர்கள். வாய்ச்சொல்லை வைத்து மேல்முறையீடு செய்ய முடியாது. மறுப்புக்கான காரணத்தை எழுத்தில் கேளுங்கள். கேட்டால் தர வேண்டும் என்கிறது பாஸ்போர்ட் சட்டத்தின் 5(3) பிரிவு. அந்தக் கடிதத்தோடு 11ஆம் பிரிவின்கீழ் மேல்முறையீடு செய்யலாம், அதன்பின் உயர் நீதிமன்றமும் இருக்கிறது.

பள்ளிச் சான்றிதழே தவறு என்றால், படிப்பு முடிந்தபின் கல்வித்துறை பெரும்பாலும் கைவிரிக்கும். உரிமையியல் நீதிமன்றத்தில், சரியான தேதி இதுதான் என்று அறிவிக்கக் கோரும் விளம்புகை வழக்குதான் வழி. பள்ளியையும் கல்வித்துறையையும் மட்டும் பிரதிவாதிகளாகப் போட்டு முடித்துவிடும் வழக்கறிஞர்கள் உண்டு. அப்படிப் பெற்ற தீர்ப்பு வழக்கில் இருந்தவர்களை மட்டுமே கட்டுப்படுத்தும். பாஸ்போர்ட் அலுவலகம் அதை ஓரமாகத் தள்ளிவிடலாம். மண்டல அலுவலகத்தையும் பிரதிவாதியாகச் சேர்க்கச் சொல்லுங்கள். மனு தாக்கலாகும் முன்பே சொல்லுங்கள்.