ஃபுட்டேஜ் என்றால் காணொளியா?

தொலைக்காட்சியில் தண்டி யாத்திரைக் காட்சி ஓடினால் போதும், கீழே 'காந்தியின் அரிய காணொளி' என்று எழுத்து வந்துவிடும். 1930இல் ஏது காணொளி? அது ஃபிலிம். ஆங்கிலத்தில் ஃபுட்டேஜ் என்று வருகிற இடமெல்லாம் காணொளி என்று போடும் பழக்கம் இப்போது 'தேசியக் காணொளிக் காப்பகம்' என்று எழுதும் அளவுக்கு முற்றிவிட்டது.

ஃபுட்டேஜ், அடியைக் குறிக்கும் ஃபுட்டிலிருந்து வந்தது. 35 மி.மீ. ஃபிலிமில் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது தனித்தனிப் படக்கட்டம். நொடிக்கு 24 ஃபிரேம் என்று ஓடினால் நிமிடத்துக்கு 90 அடி. நம் சினிமாக்காரர்களும் படத்தை அடிக்கணக்கில்தான் பேசினார்கள்.

காணொளி வீடியோவுக்காக உண்டாக்கிய சொல். அதிலேயே ஒலி எங்கே என்று சண்டைபோடுகிறவர்கள் உண்டு. நான் அதற்குள் போகவில்லை, வீடியோவுக்கு அது இருந்துவிட்டுப் போகட்டும். ஃபிலிம் அப்படியில்லை, கையில் பிடிக்கிற பொருள். பழைய நைட்ரேட் சுருளில் தீப்பிடித்தால் தண்ணீருக்குள்ளும் எரியும். எரிவதற்கான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. 2003 ஜனவரியில் புனேயில் அப்படித்தான் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் நைட்ரேட் சுருள்கள் தீக்கிரையாயின. பின்னால் வந்த அசிடேட் சுருள் எளிதில் தீப்பிடிக்காது, ஆனால் புளிக்கும். டப்பாவைத் திறந்தால் காடி வாடை மூக்கில் ஏறும். சுருள் சுருங்கி நெளிந்து கிடக்கும். காணொளி என்று எழுதினால் இந்த டப்பாவும் வாடையும் வாசிப்பவருக்குத் தெரியாமலே போய்விடும். 'அதான் யூடியூபில் ஏற்றியாயிற்றே, சுருளை வைக்கக் குளிரறை எதற்கு, செலவு எதற்கு?' என்று கேட்பார். கேட்கிறார்கள்.

பெரியபுராணத்தில் சிவன் கிழவராக வந்து, நீ எனக்கு அடிமை என்று உன் பாட்டனார் எழுதித் தந்தது இது என ஓர் ஓலையைக் காட்டுகிறார். சுந்தரர் அதைக் கிழித்ததும் கிழவர் அசரவில்லை. கிழிந்தது படியோலை, மூல ஓலை என்னிடம் இருக்கிறது என்கிறார். அவையோர் பாட்டனாரின் கையெழுத்துள்ள வேறோர் ஓலையைக் காப்பிலிருந்து வரவழைத்து ஒப்பிட்டுப் பார்க்கிறார்கள். ஆவணம், காப்பு, மூலம், படி என எல்லாமே நம்மிடம் இருந்திருக்கிறது. கேமராவில் ஓடிய நெகட்டிவ்தான் மூல ஓலை. யூடியூபில் இருப்பது படியோலை, அதுவும் பல கை மாறியது.

ஆகவே பொருளைச் சொல்லும்போது படச்சுருள், அதில் பதிந்திருப்பதைச் சொல்லும்போது படப்பதிவு என்று எழுதலாம். ஃபிலிம் என்றே எழுதினாலும் எனக்குக் குறையில்லை. 'ரீல் விடாதே' என்பது எந்த ஊர்த் தமிழனுக்கும் புரிகிறதே. ஆர்கைவ்ஸுக்கு ஆவணக் காப்பகம். முன்னால் இருக்கிற ஆவணத்தை மட்டும் உதறிவிடாதீர்கள், வெறும் காப்பகம் என்றால் ஆதரவற்றோர் இல்லம்தான் நினைவுக்கு வருகிறது.

மொழிபெயர்ப்பவர்களிடம் ஒரு கேள்வி. பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியார் உலகம் சுற்றிக் காந்தியைப் பற்றிய சுருள்களை 50,000 அடி சேர்த்து, அதில் 12,000 அடியைத் தொகுத்து 1940இல் படமாக வெளியிட்டார். இதை எப்படி எழுதப்போகிறீர்கள், ஐம்பதாயிரம் அடிக் காணொளி என்றா?