கறிமீன் கணக்கு

திருகோணமலை உப்புவெளிப் பக்கம் விடியற்காலையில் கரைவலை இழுப்பதைப் பார்த்திருப்பீர்கள். இரண்டு கயிற்றிலும் ஆட்கள் வரிசையாக நின்று, மணலில் குதிகாலை ஊன்றி, பின்னால் சாய்ந்து சாய்ந்து இழுப்பார்கள். மீன் விற்ற காசில் செலவு போக வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டிக்கு ஒரு பங்கு, இழுத்தவர்களுக்கு ஒரு பங்கு. அது கணக்கு. அந்தக் கணக்கில் வராத இன்னொன்றும் உண்டு, கறிமீன். மீன் சேரும் வலையின் மடி கரையேறும் நேரத்தில் வந்து கயிற்றில் சும்மா கைவைத்த கிழவருக்கும் வீட்டுக் கறிக்கு ஒரு பிடி சூடை மீன் போகும். கொடுக்காவிட்டால் யாரும் வழக்குப் போட மாட்டார்கள், ஆனால் பொழுது சாய்வதற்குள் ஊர் வாயில் விழ வேண்டிவரும்.

இந்த 'கொடுக்கத்தானே வேணும்' எங்கிருந்து வருகிறது? நல்ல மனசு என்று சொல்லிவிட்டுப் போகலாம். மானிடவியல்காரர்கள் அப்படி விடவில்லை.

1990களில் ஜோசப் ஹென்ரிக் என்ற ஆய்வாளர் பெரு நாட்டுக் காட்டில் வாழும் மச்சிகெங்கா மக்களிடம் ஒரு விளையாட்டைக் கொண்டுபோனார். ஒருவர் கையில் கொஞ்சப் பணம் இருக்கும். அதில் எவ்வளவு தருவேன் என்று அவர் முகம் தெரியாத இன்னொருவருக்குச் சொல்ல வேண்டும். மற்றவர் சரி என்றால் அப்படியே பிரியும், வேண்டாம் என்றால் இருவருக்குமே ஒன்றுமில்லை. அமெரிக்கா, ஐரோப்பாப் பல்கலைக்கழக மாணவர்கள் பெரும்பாலும் 40, 50 சதவீதம் கொடுப்பார்கள், 20க்குக் கீழே வந்தால் பலர் ரோசப்பட்டு மறுத்துவிடுவார்கள். மனித சுபாவமே இதுதான் என்று அதுவரை பலர் நம்பியிருந்தார்கள். மச்சிகெங்காக்கள் கொடுத்த சராசரியோ வெறும் 26 சதவீதம். அதையும் ஏறக்குறைய எல்லாரும் மறுபேச்சில்லாமல் வாங்கிக்கொண்டார்கள். அவர்கள் கெட்டவர்கள் இல்லை. குடும்பம் குடும்பமாகச் சேனைப் பயிர் செய்து பிழைப்பவர்கள், குடும்பத்துக்கு வெளியே ஆளைச் சேர்த்துச் செய்ய வேண்டிய வேலை குறைவு.

பிறகு இதே விளையாட்டு 15 சிறு சமூகங்களுக்குப் போனது. இந்தோனேசியாவின் லமலேரா கிராமத்தில் பணத்துக்குப் பதில் சிகரெட் பெட்டிகளை வைத்து விளையாடினார்கள். சராசரி 58 சதவீதம், பாதிக்கும் மேல்! லமலேராக்காரர் வள்ளத்தில் போய்த் திமிங்கிலம் பிடிப்பவர்கள். தனியாளாக யாரும் திமிங்கிலத்தைத் தொட முடியாது, அதனால் எந்தத் துண்டு யாருக்கு என்று பரம்பரை பரம்பரையாகப் பிசகாத பங்கு வைத்திருக்கிறார்கள். நம்முடைய கரைவலைக்காரருக்கு இதை விளக்கத் தேவையே இல்லை.

எனக்குப் பிடித்தது நியூகினியின் அவு, ஞாவு மக்களின் கதை. அங்கே சிலர் பாதிக்கு மேல் கொடுக்க முன்வந்தார்கள், எதிராளியோ வேண்டாம் என்றார். பெரிதாக வாங்கினால் பெரிதாகத் திருப்ப வேண்டும், கடன்பட்டவராக நடக்க வேண்டும். புரியவில்லையா? அடுத்த வீட்டிலிருந்து பலகாரம் வந்த தட்டை அம்மா என்றைக்காவது வெறுந்தட்டாகத் திருப்பி அனுப்பியிருக்கிறாரா?

ஆக, பிழைப்புக்கு யார் யாரோடு சேர வேண்டியிருக்கிறதோ, அதையொட்டியே நியாயமும் உருவாகிறது. சந்தையில் வாங்கிச் சாப்பிடுவது கூடக் கூட, தெரியாதவருக்குக் கொடுக்கும் பங்கும் கூடியதாக 2010இல் வெளிவந்த ஆய்வு காட்டியது. சந்தை மனிதரைக் கெடுக்கும் என்பவர்களுக்கு இது கொஞ்சம் சங்கடமான செய்திதான்.

ஆனால் பிழைப்பு மட்டுமே எல்லாவற்றையும் விளக்கிவிடும் என்று நான் நம்பவில்லை. யாழ்ப்பாணத் தமிழரின் வழக்கச் சட்டமாக ஒல்லாந்தர் 1707இல் எழுத்தில் பதிந்த தேசவழமையைப் பாருங்கள். சீதனம், முதுசம், ஒற்றி என்று வரும் அதே சட்டத்தில் அடிமைகளைப் பற்றியும் ஒரு பிரிவு இருந்தது. அதைச் சரிபார்த்த உள்ளூர்த் தலைவர்களான முதலியார்களுக்கு அது உறுத்தியிருக்காது, காணி உறுதி மாதிரி அதுவும் ஒரு விஷயம். இலங்கையில் அடிமைமுறை சட்டப்படி ஒழிந்தது 1844இல். வயலும் தோட்டமும் அப்போதும் வேலைக்கு ஆள் கேட்டுக்கொண்டுதான் இருந்தன. வாதாடியவர்கள், எதிர்த்து எழுந்த அடிமைகள், வெளியிலிருந்து வந்த அதிகாரம் எல்லாம் சேர்ந்துதான் அதை முடித்தன. பங்கில் யாரைச் சேர்ப்பது என்ற கோடு ஒரு அடி நகர்ந்தது, அவ்வளவுதான். அதே ஆண்டுகளில் தமிழ்நாட்டிலிருந்து ஏழைகளைக் கால்நடையாகக் கோப்பித் தோட்டங்களுக்குக் கூட்டிவந்தார்கள், வழியில் செத்தவர்கள் ஏராளம். அது அவ்வளவாக யாருடைய மனச்சாட்சியையும் குத்தவில்லை.

இன்னொரு விஷயம், மனிதர் மனம் மாறுவது குறைவு, தலைமுறைதான் மாறுகிறது. அமெரிக்க அரசியல் ஆய்வாளர் ரொனால்ட் இங்கில்ஹார்ட் 1977லேயே இதைச் சொன்னார்: இளமையில் பதிந்த மதிப்புகள் பெரிதாக அசையாது, பழையவர்கள் போகப் போக, வேறு சூழலில் வளர்ந்தவர்கள் அந்த இடத்துக்கு வருகிறார்கள். பெண்கள் உட்பட எல்லாருக்கும் இலங்கையில் வாக்குரிமை கிடைத்தது 1931இல். சேர் பொன்னம்பலம் இராமநாதன் போன்ற படித்த பெரியவரே சர்வசன வாக்குரிமையை எதிர்த்தார். அவர் மனம் மாறும்வரை யாரும் காத்திருக்கவில்லை. வோட்டுப் போடும் அம்மாவைப் பார்த்து வளர்ந்த பிள்ளைக்கு அது விவாதமே இல்லை.

பிந்திய காலத்தில் கரைவலையையும் சில இடங்களில் உழவு இயந்திரத்தில் வின்ச் பூட்டி இழுக்கத் தொடங்கினார்கள். இருபது, முப்பது பேர் தேவைப்படவில்லை. குச்சவெளிப் பக்கம் ஒருநாள் அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். வழக்கம்போல ஒரு கிழவர் பையோடு வந்தார். கைவைக்கக் கயிறு இல்லை. கொஞ்ச நேரம் தள்ளியே நின்றார். பிறகு குனிந்து, மடியிலிருந்து சிதறிய சூடைகளைப் பொறுக்கிச் சம்மாட்டியின் கூடைக்குள் போட்டார், ஒரு பத்துப் பதினைந்து இருக்கும். அதற்குப் பிறகுதான் பையை நீட்டினார்.