பேட்ரியல்: குடியுரிமை இருந்தும் குடியிருக்க முடியாதவர்களைப் பிரித்த சொல்

பிரிட்டனின் குடியேற்றச் சட்டங்களை வரிசையாகப் படித்துக்கொண்டு வருபவர் 1971-க்கு வந்ததும் ஒரு சொல்லில் இடறி நிற்பார். பேட்ரியல் (patrial). பிரிட்டனில் வாழும் உரிமை உள்ளவர் என்பது அதன் சட்டப் பொருள். ஆங்கிலத்திலேயே புழங்குபவர்களுக்கும் பழக்கமில்லாத சொல் இது. பிரிட்டிஷ் சட்டத்தில் அது நடைமுறையில் இருந்தது பத்தே ஆண்டுகள்: 1973 ஜனவரி 1 அன்று வந்தது, 1983 ஜனவரி 1 அன்று போய்விட்டது. தமிழில் எழுதும்போது கை தானாகவே 'பூர்வீகக் குடி' என்று எழுதப் பார்க்கும். அது தவறு. ஏன் தவறு என்று சொல்ல, அந்தச் சொல் பிறந்த கதைக்கே போக வேண்டும்.

முதலில் வேர். லத்தீனில் பாத்தெர் என்றால் தந்தை. அதிலிருந்து பாத்ரியா, தந்தையர் நாடு. நாம் தாய்நாடு, தாயகம் என்று அம்மாவின் பெயரால் சொல்வதை ரோமானியர் அப்பாவின் பெயரால் சொன்னார்கள். நாட்டுப்பற்றாளரைக் குறிக்கும் பேட்ரியட் என்ற சொல்லும் இதே குடும்பம்தான். அதனால் பேட்ரியலைப் பார்த்ததும் 'தேசபக்தர்' என்று நினைத்துவிடும் ஆபத்தும் உண்டு. அதற்கு முன் ஆங்கிலத்தில் பேட்ரியல் என்பது பெரும்பாலும் இலக்கணச் சொல். ஊர்ப் பெயரிலிருந்தோ நாட்டுப் பெயரிலிருந்தோ ஆளுக்கு வரும் பெயரை அது குறித்தது. மதுரைக்காரர், கண்டியர் என்கிறோமே, அந்த வகை.

அப்படி யாரும் தொடாமல் கிடந்த சொல்லைத்தான் 1971 குடியேற்றச் சட்டம் எடுத்துக்கொண்டது. அதன் இரண்டாம் பிரிவு தரும் பொருள் எளிது: ஐக்கிய இராச்சியத்தில் வந்து வாழும் உரிமை உள்ளவர் எவரோ, அவர் பேட்ரியல். யாருக்கு அந்த உரிமை என்பதில்தான் விஷயமே இருக்கிறது. பிரிட்டிஷ் குடிமக்களில் அந்த மண்ணில் பிறந்தவர்கள், அங்கே பதிவு செய்தோ இயல்புரிமை (வெளிநாட்டவருக்கு வழங்கப்படும் குடியுரிமை) பெற்றோ குடிமக்கள் ஆனவர்கள், பெற்றோர் அல்லது தாத்தா பாட்டி வழியில் அந்த மண்ணோடு தொடர்புள்ளவர்கள், ஐந்து ஆண்டுகள் அங்கே வாழ்ந்து நிலைத்தவர்கள். அப்புறம் இன்னொரு வகை: வேறொரு காமன்வெல்த் நாட்டின் குடிமகனாக இருந்தாலும், தந்தையோ தாயோ பிரிட்டனில் பிறந்திருந்தால் அவரும் பேட்ரியல்.

இந்தக் கடைசி வகையைக் கொஞ்சம் அருகில் வைத்துப் பாருங்கள். மெல்போர்னில் பிறந்து வளர்ந்து, ஆஸ்திரேலியப் பாஸ்போர்ட் வைத்திருக்கும் ஒருவர். அப்பா இங்கிலாந்தின் லீட்ஸில் பிறந்தவர். மகன் லண்டனைக் கண்ணால் கண்டதில்லை. அவர் பேட்ரியல். கென்யாவின் நைரோபியில் கடை வைத்திருக்கும் குஜராத்தி ஒருவர். கையில் இருப்பது பிரிட்டிஷ் பாஸ்போர்ட் மட்டும்தான், வேறு எந்த நாட்டுக் குடியுரிமையும் கிடையாது. அவர் பேட்ரியல் இல்லை. சட்டத்தின் வாசகத்தில் நிறம் என்ற சொல்லே தேவைப்படவில்லை. அப்பா அம்மா எங்கே பிறந்தார்கள் என்று கேட்டாலே போதும், நிறம் தானாகப் பிரிந்துவிடும். இதை அப்பட்டமாக எழுத முடியாததால்தான் யாருக்கும் புரியாத லத்தீன் சொல் தேவைப்பட்டது என்பது என் எண்ணம்.

இந்த நிலைக்கு ஒரே நாளில் வரவில்லை. 1948 பிரிட்டிஷ் தேசிய இனச் சட்டம் பிரிட்டனில் பிறந்தவரையும் ஜமைக்காவில் பிறந்தவரையும் ஒரே பெயரில் சேர்த்தது: ஐக்கிய இராச்சியம் மற்றும் குடியேற்ற நாடுகளின் குடிமகன். சுதந்திரம் பெற்ற இந்தியா, பாகிஸ்தான், இலங்கை மக்களும் காமன்வெல்த் குடிமக்கள் என்ற முறையில் தடையில்லாமல் போகலாம். 1962-இல் வேலைச் சீட்டு இருந்தால்தான் வரலாம் என்று முதல் தடை வந்தது. ஆனால் ஐக்கிய இராச்சிய அரசே வழங்கிய பாஸ்போர்ட் வைத்திருந்தவர்களை அது தொடவில்லை.

கென்யா 1963 டிசம்பரில் விடுதலை பெற்றது. அங்கே தலைமுறைகளாக வாழ்ந்த இந்திய வம்சாவளியினருக்குக் கென்யக் குடியுரிமை கேட்க இரண்டு ஆண்டு அவகாசம் இருந்தது. பலர் கேட்கவில்லை, பிரிட்டிஷ் குடிமக்களாகவே இருந்துவிட்டார்கள். 1967-இல் கென்யா, குடிமக்கள் அல்லாதவர்கள் வேலை செய்ய அனுமதிச் சீட்டு வேண்டும் என்றது. சரி, நம் நாட்டுக்கே போவோம் என்று அவர்கள் லண்டனுக்கு விமானம் ஏறினார்கள். அவர்களைத் தடுக்க 1968 பிப்ரவரி கடைசியில் ஒரு மசோதா வந்தது. மூன்றே நாளில் நிறைவேறி, மார்ச் 1 அன்று சட்டமானது. பிரிட்டிஷ் பாஸ்போர்ட் மட்டும் போதாது. நீங்களோ பெற்றோரோ தாத்தா பாட்டியோ பிரிட்டனில் பிறந்திருக்க வேண்டும், அல்லது அந்த மண்ணில் குடியுரிமை பெற்றிருக்க வேண்டும் என்றது. சொல் வரவில்லையே தவிர, பேட்ரியல் என்ற கருத்து அன்றே பிறந்துவிட்டது.

அன்றைய பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டின் தொடக்கத்தில் ஒரு வாசகம் இருந்தது. இதை வைத்திருப்பவரைத் தடையில்லாமல் போகவிட வேண்டும் என்று அரசியின் பெயரால் மற்ற நாடுகளைக் கேட்டுக்கொண்ட வாசகம். அதைக் கையில் வைத்துக்கொண்டு லண்டனில் இறங்கியவர்களை அதே அரசியின் அதிகாரிகள் திருப்பி அனுப்பினார்கள். இறக்கிக்கொள்ள யாரும் முன்வராமல், விமான நிலையம் விட்டு விமான நிலையம் அலைந்தவர்கள் இருந்தார்கள். அவர்கள் தொடுத்த வழக்கில் ஐரோப்பிய மனித உரிமை ஆணையம் 1973-இல் சொன்னது இதுதான்: நிறத்தை வைத்து ஒரு கூட்டத்தை இப்படி நடத்துவது மனிதரைச் சிறுமைப்படுத்துவதாகும்.

1983-இல் நடைமுறைக்கு வந்த 1981 பிரிட்டிஷ் தேசிய இனச் சட்டம் பேட்ரியல் என்ற சொல்லை நீக்கிவிட்டு, குடியுரிமையையே துண்டு போட்டது. பேட்ரியலாக இருந்த பிரிட்டிஷ் குடிமக்களில் பெரும்பாலோர் முழுப் 'பிரிட்டிஷ் குடிமக்கள்' ஆனார்கள். மிச்சமிருந்த குடியேற்ற நாட்டவர் சார்பு நிலப்பகுதிக் குடிமக்கள் ஆனார்கள். இரண்டிலும் சேராதவர்கள் 'பிரிட்டிஷ் கடல்கடந்த குடிமக்கள்'. பினாங்கிலும் மலாக்காவிலும் விடுதலைக்கு முன் பிறந்து பிரிட்டிஷ் நிலையைத் தக்கவைத்திருந்த மலேசியர்கள் பலர், அவர்களில் தமிழர்களும் உண்டு, இந்தக் கடைசிப் பெட்டியில் விழுந்தார்கள். பாஸ்போர்ட் கிடைக்கும், பிரிட்டனில் வாழும் உரிமை கிடைக்காது.

முன்னோர் பிறந்த இடத்தைக் கேட்கும் சட்டம் நமக்குப் புதிதல்ல. 1948 இலங்கைக் குடியுரிமைச் சட்டம், அந்த மண்ணில் பிறந்திருந்தாலும் தந்தையும் அங்கே பிறந்தவர், அல்லது தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் அங்கே பிறந்தவர்கள் என்று காட்டினால்தான் வம்சாவளிப் பிரஜை என்றது. பிறப்புச் சான்று என்று எதையும் காட்ட முடியாத மலையகத் தோட்டத் தொழிலாளர்கள் லட்சக்கணக்கில் நாடற்றவர்கள் ஆனார்கள்.

இப்போது தமிழ்ச் சொல்லுக்கு வருவோம். 'பூர்வீகக் குடி' என்றால் தலைமுறை தலைமுறையாக அந்த மண்ணில் இருப்பவர் என்று படும். மெல்போர்ன்காரர் அப்படி இல்லை. 'தாயகத்தார்' வேருக்கு நெருக்கமான சொல், ஆனால் சட்டம் செய்த பிரிப்பை அது மறைத்துவிடுகிறது. 'வம்சாவளியர்' என்றால், அங்கே ஐந்து ஆண்டுகள் வாழ்ந்து உரிமை பெற்றவர் விடுபட்டுப் போகிறார்.

நான் எடுத்துக்கொள்வது 'வதிவுரிமையர்'. வதிதல் என்றால் தங்கி வாழ்தல், சங்கப் பாட்டிலிருந்தே உள்ள வினை. இலங்கையில் வதிவிடம், வதிவிட விசா என்று இன்றும் அன்றாடம் புழங்குகிறது. இந்தச் சொல்லுக்கு இன்னொரு பலமும் உண்டு. தமிழில் குடி என்றாலே வீடு, குடும்பம், வாழும் இடம். குடியிருப்பு, குடிபுகுதல், குடித்தனம் எல்லாம் அதில் வந்தவை. ஆகவே நம் காதுக்குக் குடியுரிமை என்றாலே வாழும் உரிமை உள்ளே அடங்கியதுதான். பிரிட்டிஷ் சட்டம் அந்த இரண்டையும் தனித்தனியாக வெட்டியது. வதிவுரிமை என்று தனியாகச் சொல்லும்போது வெட்டிய இடம் தெரிகிறது: 1973-இல் அந்த நைரோபிக் கடைக்காரருக்குக் குடியுரிமை இருந்தது, வதிவுரிமை இல்லை.

கட்டுரையில் முதல் முறை வரும்போது பேட்ரியல் என்பதையும் பக்கத்தில் எழுதிவிடுங்கள். 1983-க்குப் பிந்தைய செய்தியானால் பேட்ரியல் வேண்டாம், வதிவுரிமை மட்டும் போதும். அந்த உரிமை பிரிட்டிஷ் சட்டத்தில் இன்றும் இருக்கிறது.