குணச்சித்திர நடிகை: சொல்லும் பொருளும்

'சப்போர்ட்டிங் ஆக்ட்ரஸ்' என்பதைத் தமிழில் எழுதச் சொன்னால் கை தானாகத் 'துணை நடிகை' என்று எழுதிவிடும். அகராதிப்படி தப்பில்லை. ஆனால் நம் நாளிதழ்களில் துணை நடிகை என்றால் யார்? பாட்டுக் காட்சியில் கதாநாயகிக்குப் பின்னால் ஆடுபவர். கல்யாண வீட்டுக் காட்சியில் கூட்டத்தோடு கூட்டமாக உட்கார்ந்திருப்பவர். கோடம்பாக்கத்தில் ஒரு காலத்தில் 'எக்ஸ்ட்ரா' என்றார்கள், இப்போது 'ஜூனியர் ஆர்ட்டிஸ்ட்' என்கிறார்கள். 1950களின் பிரிட்டிஷ் தொலைக்காட்சி பற்றி எழுதும்போது பட்ரீசியா ஹேய்ஸ் என்ற நடிகையைப் போன்ற ஒருவரைத் 'துணை நடிகை' என்று போட்டுவிட்டால், படிப்பவர் மனதில் வேறொரு ஆள் வந்து நின்றுவிடுகிறார். அறுபது ஆண்டு உழைத்த ஒரு கலைஞருக்கு இது நியாயமாகப் படவில்லை.

இதே சிக்கல் பிரிட்டனிலும் உண்டு என்பதுதான் ஆச்சரியம். அங்கே படப்பிடிப்புத் தளத்தில் 'சப்போர்ட்டிங் ஆர்ட்டிஸ்ட்' என்றால் தெருவில் நடந்து போகிறவர், மதுக்கடையில் பின் மேசையில் உட்கார்ந்திருப்பவர். அதாவது நாம் சொல்லும் ஜூனியர் ஆர்ட்டிஸ்ட். வந்து தட்டை வைத்துவிட்டுப் போகும் வேடத்துக்கு 'வாக்-ஆன்' என்று பெயர். வசனம் பேசி, ஓர் ஆளாக உருவெடுத்து, கதையை நகர்த்துகிறவரை அவர்கள் 'கேரக்டர் ஆக்ட்ரஸ்' என்றே சொல்வார்கள். ஆக, இங்கே இருப்பது இரண்டு சொற்கள். இரண்டும் வேறு வேறு விஷயத்தைச் சொல்கின்றன. 'சப்போர்ட்டிங்' என்பது கதையில் அந்த வேடத்துக்கு உள்ள இடம். 'கேரக்டர்' என்பது நடிக்கிறவரின் திறமை எந்த வகை என்பது.

முதல் சொல்லின் வேர் லத்தீன். 'சுப்' என்றால் கீழே, 'போர்த்தாரே' என்றால் சுமப்பது. கீழே நின்று தாங்குவது என்பதுதான் மூலப்பொருள். ஹாலிவுட்டில் ஆஸ்கர் விருதில் இதற்கென்று தனிப்பிரிவு வந்தது 1936ஆம் ஆண்டுப் படங்களுக்கு. முதலில் வாங்கியவர் கேல் சாண்டர்கார்ட். உலகம் முழுக்க இந்தச் சொல் பரவியதில் அந்த விருதுக்குப் பெரிய பங்கு உண்டு.

இரண்டாவது சொல்லின் கதை இன்னும் நீளம். கிரேக்கத்தில் 'கரக்தேர்' என்றால் நாணயத்தில் முத்திரை பொறிக்கும் கருவி, பிறகு அந்தக் கருவி விட்டுப்போகும் பதிவு. அரிஸ்டாட்டிலின் மாணவர் தியோஃப்ராஸ்டஸ் கஞ்சன், வாயாடி, முகஸ்துதிக்காரன் என்று முப்பது மனித வகைகளை எழுதிவைத்தார். அந்த நூலுக்கே இந்தப் பெயர்தான். பொறித்த அச்சு என்ற பொருள் மனிதருடைய குணம் என்று மாறியது இப்படித்தான். இங்கிலாந்தில் பெண்கள் தொழில்முறையாக மேடையேறியது 1660க்குப் பிறகு. அடுத்த இரு நூற்றாண்டுகளில் நாடகக் குழுக்கள் நடிகர்களை 'வரிசை' வைத்தே சம்பளத்துக்கு எடுத்தன: கதாநாயகி ஒருத்தி, கிழவி வேடத்துக்கு ஒருத்தி, குறும்புக்கார வேலைக்காரிக்கு ஒருத்தி என்று. அந்தக் கிழவி, வேலைக்காரி, சத்திரக்காரி வரிசையில் நின்றவர்களின் வாரிசுகள்தான் தொலைக்காட்சிக் காலத்தின் கேரக்டர் ஆக்ட்ரஸ்கள்.

பட்ரீசியா ஹேய்ஸ் 1909இல் லண்டனில் பிறந்தவர். ராடா எனப்படும் ராயல் நாடகக் கலைக்கழகத்தில் 1928 வரை படித்தார். குட்டையான உருவம், எந்த வயதுக்கும் வளைந்து கொடுக்கும் குரல். கதாநாயகிக்கு உதவாத உருவம் என்று அந்தக் காலம் அவரை ஒதுக்கியது. குரலோ அவருக்குச் சோறு போட்டது. பிபிசி வானொலியின் சிறுவர் நிகழ்ச்சியில் ஹென்றி போன்ஸ் என்ற துப்பறியும் பையனாக நடித்தவர் இவர்தான்! முப்பது வயதைத் தாண்டிய பெண்மணி பேசுகிறார் என்று கேட்ட பிள்ளைகளில் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்? 'ரேஸ் எ லாஃப்' என்ற வானொலி நகைச்சுவையிலும் நடித்தார். அப்புறம் தொலைக்காட்சி.

பிபிசி தொலைக்காட்சி 1936இல் அலெக்சாண்ட்ரா பேலஸிலிருந்து தொடங்கியது. போருக்காக 1939இல் மூடி, 1946 ஜூனில் திரும்பத் திறந்தார்கள். அன்று நாடகம் என்றால் நேரடி ஒளிபரப்பு. ஞாயிறு இரவு நடித்த நாடகத்தை வியாழனன்று அதே நடிகர்கள் முதலிலிருந்து மறுபடி நடிப்பார்கள். பதிவு செய்து வைத்து மறுஒளிபரப்பு செய்யும் வசதி இன்னும் கைவரவில்லை. ஒரு காட்சி முடிந்ததும் கேமரா அடுத்த செட்டுக்குத் திரும்பும். அதற்குள் நடிகை கேபிள்களைத் தாண்டி ஓடி, அங்கி மாற்றி, மூச்சு வாங்காமல் அடுத்த வாசலில் நிற்க வேண்டும். வசனம் மறந்தால் நாடே பார்க்கும். சின்ன வேடக்காரர்களை நம்பித்தான் இந்தச் சக்கரம் ஓடியது.

1955 செப்டம்பரில் விளம்பர வருமானத்தில் இயங்கும் ஐடிவி என்ற தனியார் தொலைக்காட்சி வந்தது. போட்டி வந்ததும் நகைச்சுவை நிகழ்ச்சிகள் பெருகின. டோனி ஹான்காக், பென்னி ஹில், ஆர்தர் ஆஸ்கி என்று நகைச்சுவை நட்சத்திரங்கள் பலரோடும் ஹேய்ஸ் நடித்தார். 'ஹான்காக்ஸ் ஹாஃப் அவர்' நிகழ்ச்சியில் மிஸஸ் கிரவாட் என்ற வீட்டு வேலைக்காரம்மா. இங்கே அவருடைய வேலை என்னவென்று கொஞ்சம் நின்று பார்க்கலாம். சிரிப்பு ஹான்காக்குக்குத்தான் போய்ச் சேர வேண்டும். இவர் சரியான நொடியில் சரியான வாக்கியத்தை எடுத்துக் கொடுத்துவிட்டு, முகத்தில் எதையும் காட்டாமல் நிற்க வேண்டும். அரை நொடி தாமதித்தால் சிரிப்பு செத்துவிடும். தானே சிரிப்பை வாங்க முயன்றால் காட்சியே சாயும். பிரிட்டிஷ் மேடையில் இப்படி எடுத்துக் கொடுப்பவருக்கு 'ஃபீட்' என்று பெயர். கச்சேரியில் பக்கவாத்தியம் செய்கிற வேலைக்கு ஈடானது இது. மிருதங்கக்காரரை யாரும் கூட்டத்தில் ஒருவர் என்று சொல்வதில்லை.

வருத்தம் என்னவென்றால், இந்த உழைப்பில் பெரும்பகுதி இன்று பார்க்கக் கிடைக்காது. நேரடி ஒளிபரப்புகள் பல காற்றோடு போயின. வீடியோ நாடா வந்த பிறகும் விலை அதிகம் என்று பழைய பதிவை அழித்து அதன்மேலேயே புதியதைப் பதிந்தார்கள். ஹான்காக் நிகழ்ச்சியின் ஆரம்ப அத்தியாயங்களிலேயே பல இப்போது இல்லை. நட்சத்திரங்களுக்கு நினைவும் புகைப்படமும் மிஞ்சின; இவர்களுக்கு நிகழ்ச்சிப் பட்டியலில் ஒரு வரிப் பெயர்.

1971 அக்டோபரில் பிபிசியின் 'பிளே ஃபார் டுடே' நாடக வரிசையில் 'எட்னா, தி இனீப்ரியேட் உமன்' ஒளிபரப்பானது. எழுதியவர் ஜெரமி சாண்ட்ஃபோர்ட், இயக்கியவர் டெட் கோட்செஃப். வீடில்லாமல் தங்கும் விடுதி, மனநல மருத்துவமனை, சிறை என்று அலைக்கழிக்கப்படும் எட்னாவாக ஹேய்ஸ். அறுபதைத் தாண்டிய வயதில் அவர் மேல்தான் முழு நாடகமும் நின்றது. அதற்காகச் சிறந்த நடிகைக்கான பாஃப்டா என்ற பிரிட்டிஷ் திரை, தொலைக்காட்சி விருதைப் பெற்றார்.

நான் சொல்ல வந்த வேறுபாடு இந்த இடத்தில்தான் பளிச்சென்று தெரிகிறது. எட்னா முதன்மை வேடம். அதில் 'சப்போர்ட்டிங்' எதுவும் கிடையாது. ஆனாலும் அதை நடித்தது ஒரு கேரக்டர் ஆக்ட்ரஸின் கலை. வேலைக்காரம்மாக்களாகப் பல ஆண்டு நடித்தபோது சேர்த்த நடை, தோள், குரல் உடைவு எல்லாம் அங்கே வேலை செய்தன. ஜோன் ஹிக்சன் என்ற நடிகையின் கதையும் இப்படியே. 1961இல் வந்த 'மர்டர் ஷி செட்' படத்தில் மார்கரெட் ரூதர்ஃபோர்ட் அகதா கிறிஸ்டியின் துப்பறியும் மூதாட்டி மிஸ் மார்பிளாக நடிக்க, ஹிக்சனுக்குக் கிடைத்தது மிஸஸ் கிட்டர் என்ற சிறு வேடம். 1984இல், 78 வயதில், பிபிசி தொடரில் அதே மிஸ் மார்பிளாக அவரே வந்தார்.

சரி, தமிழுக்கு வருவோம். 'துணை' நம்மிடம் கௌரவமான சொல். குறளில் 'வாழ்க்கைத் துணைநலம்' உண்டு, 'பெரியாரைத் துணைக்கோடல்' உண்டு. தன்னைவிடப் பெரியவரைத் துணை கொள்வது அது. பின்னாளில் துணைவேந்தர், துணை ஆட்சியர் என்று பதவிப் படிநிலைக்குள் நுழைந்து, சினிமாச் செய்திகளில் இன்னும் கீழே இறங்கிவிட்டது. செய்தித் தமிழில் வேரூன்றிவிட்ட அந்தப் பொருளை இனி மாற்றுவது கடினம்.

'கேரக்டர் ஆக்ட்ரஸ்' என்பதற்குக் 'குணச்சித்திர நடிகை' ஏற்கெனவே வழக்கில் இருக்கிறது. தமிழ்நாடு அரசின் திரைப்பட விருதிலும் இந்தப் பெயரில் பிரிவு உண்டு. குணம், சித்திரம் இரண்டும் வடமொழி என்று தயங்குகிறவர்கள் இருக்கலாம். எனக்குத் தயக்கமில்லை. பொறித்த அச்சு குணமாக மாறிய அந்த கிரேக்கச் சொல்லுக்கு, வரைந்த குணம் என்பதைவிட நெருக்கமாக வேறொன்று அமையுமா என்ன? சங்கத் தமிழின் 'விறலி'யை மீட்கலாமே என்று தோன்றும். உள்ளத்து உணர்வு உடலில் புலப்பட ஆடுபவள் என்று உரையாசிரியர்கள் விளக்கும் அழகான சொல்தான். ஆனால் அது பாணர் மரபின் ஆடல் பாடல் சார்ந்தது; மிஸஸ் கிரவாட்டின் மேல் போர்த்தினால் பொருந்தாது.

'சப்போர்ட்டிங்' என்ற இடத்தைக் குறிக்க 'உறுதுணை' என்று எழுதலாம் என்பது என் பரிந்துரை. தாங்குவது என்ற லத்தீன் மூலத்துக்கும் அது அருகில் இருக்கிறது, 'துணை நடிகை' என்ற செய்தித்தாள் பொருளும் ஒட்டாது. 'வாக்-ஆன்' என்பதை 'வந்துபோகும் வேடம்' எனலாம். கூட்டத்தில் நிற்பவர்களுக்கு 'உதிரி நடிகர்' என்ற சொல் இருக்கிறது. 'ஃபீட்' என்பதற்கு 'எடுத்துக்கொடுப்பவர்' போதும். பாஃப்டா தன் தொலைக்காட்சி விருதுகளில் உறுதுணை நடிகைக்குத் தனிப்பிரிவு வைத்தது 2010இல்தான். ஹேய்ஸ் 1998இலேயே காலமாகிவிட்டார்.